ஜேட் கூடி: பிக் பாஸ் வீட்டில் வந்த கேன்சர் செய்தி... டெஸ்ட்டுக்குப் போன 5 லட்சம் பெண்கள்!

2008 ஆகஸ்ட். இந்தி பிக் பாஸ் இரண்டாவது சீசன். பிரிட்டனிலிருந்து வந்திருந்த ஒரு போட்டியாளரை கன்ஃபெஷன் ரூமுக்குக் கூப்பிடுகிறார்கள். ஊரில் எடுத்துவிட்டு வந்த டெஸ்ட்டின் ரிசல்ட் வந்திருக்கிறது. கர்ப்பப்பை வாய்ப் புற்றுநோய். கேமரா முன்னால்தான் அதைக் கேட்டார் ஜேட் கூடி. அப்போது அவருக்கு வயது 27.

யார் இந்த ஜேட்?

1981-ல் பிறந்து, லண்டனின் பெர்மான்ட்சி பகுதியில் வளர்ந்தவர். அப்பா போதைக்கு அடிமை, ஜெயிலுக்குப் போனவர். அம்மாவுக்கு பைக் விபத்தில் ஒரு கை செயலிழந்துவிட, அவரைப் பார்த்துக்கொள்ளும் பொறுப்பு சின்ன வயதிலேயே ஜேட் தலையில் விழுந்தது. பிறகு பல் கிளினிக்கில் நர்ஸ் வேலை.

2002-ல் சேனல் 4-ன் 'பிக் பிரதர்' மூன்றாவது சீசனுக்குள் போனார். இங்கிலாந்திலேயே இருக்கும் ஈஸ்ட் ஆங்கிலியாவை வெளிநாடு என்று நினைத்துப் பேச, நாடே சிரித்தது. பத்திரிகைகள் பன்றி என்றுகூட எழுதின. கிடைத்தது நான்காவது இடம்தான். ஆனால் வெளியே வந்ததும் டிவி ஷோ, சுயசரிதை, ஃபிட்னஸ் டிவிடி, சொந்த பெர்ஃப்யூம் என்று எங்கேயோ போய்விட்டார். பாட்டோ நடிப்போ இல்லை. ஜேடாக இருப்பதே அவர் வேலை!

ஷில்பா ஷெட்டி விவகாரம்

2007 ஜனவரியில் 'செலிபிரிட்டி பிக் பிரதர்'. உள்ளே பாலிவுட் நடிகை ஷில்பா ஷெட்டி. அவரை ஜேட் பேசிய பேச்சு இனவெறி என்று வெடித்தது. ஒளிபரப்புக் கண்காணிப்பு அமைப்பான ஆஃப்காமுக்கு 40,000-க்கும் மேல் புகார்கள். பாட்னாவில் கொடும்பாவி எரிப்பு. அப்போது இந்தியா வந்திருந்த பிரிட்டன் நிதியமைச்சர் கார்டன் பிரவுனிடமும் இதே கேள்விதான். ஜேட் வெளியேற்றப்பட்டார், ஷில்பா ஜெயித்தார். பெர்ஃப்யூமை கடைகள் விற்பனையிலிருந்து எடுத்தன. ஜேட் மன்னிப்பு கேட்டார்.

அடுத்த வருடம் அவர் வந்த பிக் பாஸ் சீசனைத் தொகுத்து வழங்கியவர் யார் தெரியுமா? அதே ஷில்பா!

கடைசி ஏழு மாதம்

உடனே பிரிட்டன் திரும்பி சிகிச்சை எடுத்தார். நோய் பரவிவிட்டது. 2009 பிப்ரவரி 22-ல் திருமணம். அதன் உரிமையை பத்திரிகைக்கும் டிவிக்கும் விற்றார். சாவையும் விற்கிறார் என்று விமர்சனம் வந்தது. இரண்டு மகன்களின் எதிர்காலத்துக்குத்தான் இந்தப் பணம் என்றார் ஜேட். சரியாக ஒரு மாதம் கழித்து, மார்ச் 22 அன்று இறந்தார். பிரிட்டனில் அன்று அன்னையர் தினம்.

'ஜேட் கூடி எஃபெக்ட்'

கர்ப்பப்பை வாயிலிருந்து செல்களை எடுத்துப் பார்க்கும் ஸ்மியர் டெஸ்ட், கேன்சராக மாறுவதற்கு முன்பே செல் மாற்றங்களைக் காட்டிவிடும். வலியும் தலைமுடி கொட்டியதும் தினமும் செய்தியாக, அதுவரை தள்ளிப்போட்ட பெண்கள் கிளினிக்குக்குக் கிளம்பினார்கள். 2008 பாதியிலிருந்து 2009 பாதி வரை இங்கிலாந்தில் வழக்கத்தைவிட சுமார் 5 லட்சம் பெண்கள் கூடுதலாக டெஸ்ட் எடுத்ததாக ஆய்வாளர்கள் கணக்கிட்டார்கள்.

அந்த வேகம் நீடிக்கவில்லை. பின்னாளில் எண்ணிக்கை மறுபடியும் சரிந்தது. ஆனால் அந்த ஒரு வருடத்தில் எத்தனையோ பேருக்கு மாற்றம் முன்கூட்டியே தெரிந்தது. ஜேடுக்குக் கிடைக்காமல் போன அவகாசம் அதுதான்.