பூட்டு யார் போட்டது?

1999-இல் நான் வேலைக்குச் சேர்ந்த சென்னை அலுவலகத்தில் ஒரு கேள்வி நாளுக்குப் பத்து முறையாவது காதில் விழும். “யாருப்பா இதைச் செக்-அவுட் பண்ணி வச்சிருக்கறது?” கேட்பவர் எழுந்து நின்று, தடுப்புப் பலகைக்கு மேல் தலையை நீட்டி, பொதுவாகக் கேட்பார். எங்கோ ஒரு மூலையிலிருந்து பதில் வரும்: “நான்தான். அரை மணி நேரம் குடு, விட்டுடறேன்.”

விஷுவல் பேசிக்கில் எழுதிக்கொண்டிருந்தோம். நிரல்கள் எல்லாம் விஷுவல் சோர்ஸ்சேஃப் என்ற பெட்டகத்தில் இருந்தன. ஒன் ட்ரீ என்ற சிறிய நிறுவனம் உருவாக்கி, 1994-இல் மைக்ரோசாஃப்ட் வாங்கிக்கொண்ட மென்பொருள் அது. காலையில் வந்ததும் ‘கெட் லேட்டஸ்ட்’ கொடுத்தால் எல்லாக் கோப்புகளும் நம் கணினிக்கு வந்து இறங்கும், எல்லாமே ரீட்-ஒன்லியாக. படிக்கலாம், ஓட்டிப் பார்க்கலாம், ஓர் எழுத்தைக்கூட மாற்ற முடியாது. மாற்ற வேண்டுமென்றால் அந்தக் கோப்பைச் செக்-அவுட் செய்ய வேண்டும். செய்தவுடன் கோப்பின் பக்கத்தில் எடுத்தவர் பெயர் விழும். அவர் திருப்பிக் கொடுக்கும்வரை மற்றவர்களுக்குப் பூட்டுதான்.

ஆகவே எடிட்டர் ‘மாற்ற முடியாது’ என்று சொன்னால் எங்களுக்கு அதில் மர்மம் எதுவும் இல்லை. ஒன்று, நாம் இன்னும் கேட்கவில்லை. இல்லையென்றால், வேறொருவர் நமக்கு முன்னால் கேட்டுவிட்டார். அந்த வேறொருவர் இருபதடி தூரத்தில் உட்கார்ந்திருப்பார். எழுந்து போய்ப் பேசினால் முடிந்தது.

ஒருமுறை அவர் இருபதடி தூரத்தில் இல்லை. தங்கை கல்யாணத்துக்காகத் திருநெல்வேலிப் பக்கம் போயிருந்தார். முக்கியமான ஒரு கோப்பு அவர் பெயரில் மாட்டிக்கொண்டிருந்தது. கைபேசியெல்லாம் எங்கள் சம்பளத்துக்கு எட்டாத காலம். அவர் கொடுத்துவைத்திருந்த பி.பி. நம்பருக்கு எஸ்.டி.டி. போட்டோம். பக்கத்து வீட்டு அம்மா எடுத்து, கொஞ்ச நேரம் கழித்துக் கூப்பிடச் சொன்னார். மறுபடி கூப்பிட்டபோது, பின்னணியில் நாதஸ்வரம் கேட்க, அவர் மூச்சிரைக்க வந்து பேசினார். “அதுல நான் ஒண்ணும் மாத்தலை, தைரியமா எடுத்துக்கோங்க.” அதன்பிறகுதான் எங்கள் டீம் லீடர் அட்மின் கணக்கில் நுழைந்து பூட்டை விடுவித்தார். கேட்காமலே விடுவிக்க அவருக்கு அதிகாரம் இருந்தது. அந்த இரண்டு அழைப்புகளுக்குக் காத்திருந்ததை இன்றும் மரியாதையோடு நினைத்துக்கொள்கிறேன்.

நான் அவ்வளவு பொறுமையாக இருந்ததில்லை. சேர்ந்த மூன்றாவது மாதம், ஒரு கோப்பு இன்னொருவர் பெயரில் இருந்தபோது, எக்ஸ்ப்ளோரரில் வலது கிளிக் செய்து, ப்ராப்பர்ட்டீஸ் திறந்து, ரீட்-ஒன்லிக்கு எதிரே இருந்த டிக்கை எடுத்துவிட்டேன். எடிட்டர் உடனே வழிவிட்டது. இரண்டு நாள் உற்சாகமாக எழுதினேன். மூன்றாம் நாள் காலை வழக்கம்போல் கெட் லேட்டஸ்ட் கொடுத்தபோது, எழுதக்கூடிய நகல் ஒன்று ஏற்கெனவே இருக்கிறது, அதன்மேல் போடவா என்று கேட்டது. பழக்க தோஷத்தில் ஆம் என்று அழுத்தினேன். இரண்டு நாள் வேலையும் போனது. பெட்டகத்தைப் பொறுத்தவரை அந்த இரண்டு நாள் நடக்கவேயில்லை. அதனிடம் நான் எதையும் கேட்டிருக்கவில்லையே.

இந்த ஏற்பாடு சோர்ஸ்சேஃபோடு தொடங்கியதல்ல. 1972-இல் பெல் ஆய்வகத்தில் மார்க் ராச்கைண்ட் எழுதிய எஸ்.சி.சி.எஸ். முதலே இது உண்டு. அதில் ‘கெட்’ என்று கேட்டால் படிக்க மட்டுமான நகல் வரும். திருத்துவதற்கென்று தனியாகக் கேட்டால்தான் எழுதக்கூடிய நகல் வரும். கூடவே ஒரு சிறு கோப்பு உருவாகி, கேட்டவரின் பெயரையும் நேரத்தையும் குறித்துக்கொள்ளும். பத்தாண்டு கழித்து பர்டூ பல்கலைக்கழகத்தில் வால்டர் டிச்சி எழுதிய ஆர்.சி.எஸ்.ஸிலும் பூட்டோடு பூட்டியவரின் பெயர் பதிவாகும். கோப்பின் அனுமதிக் குறியை இவர்கள் ஒரு பெயர்ப்பலகைபோலப் பயன்படுத்தினார்கள் என்றே எனக்குத் தோன்றுகிறது. பூட்டு இருந்தால் அதன்மேல் ஒரு பெயரும் இருக்கும்.

பெயர் இல்லாத பூட்டுகளும் அப்போது இருந்தன, இல்லாமலில்லை. வாடிக்கையாளர் நிரலைச் சிடியில் அனுப்புவார். அதிலிருந்து நகலெடுத்தால் அத்தனை கோப்புகளும் ரீட்-ஒன்லியாகவே வந்து சேரும். சிடிக்கு எழுதத் தெரியாது, அந்தக் குணத்தை நகலும் சுமந்துகொண்டு வந்துவிடும். டாஸ் திரையில் அட்ரிப் மைனஸ் ஆர் என்று அடித்து ஒட்டுமொத்தமாக நீக்குவோம். ஃப்ளாப்பியில் பூட்டைக் கண்ணாலேயே பார்க்கலாம். ஐந்தேகால் அங்குல வட்டில் ஓரத்து வெட்டை ஸ்டிக்கர் ஒட்டி மூடினால் எழுத முடியாது. மூன்றரை அங்குலத்தில் நேர் எதிர், துளை திறந்திருந்தால்தான் எழுத முடியாது.

கோப்பைப் பூட்டி வேலைசெய்யும் முறைக்கு முடிவு கட்டத் தொடங்கியவர் ஆம்ஸ்டர்டாமில் இருந்தார். டிக் க்ரூன் என்ற விரிவுரையாளரும் அவருடைய மாணவர்கள் இருவரும் ஒரு சி கம்பைலரில் வேலை செய்துகொண்டிருந்தார்கள். மூவருக்கும் மூன்று வித நேரம். ஒருவர் பூட்டிவைத்துப் போனால் மற்றவர் காத்திருக்க முடியாது. யாரும் யாரையும் கேட்காமல் திருத்தலாம், திருத்தங்களைப் பிறகு இணைத்துக்கொள்ளலாம் என்று க்ரூன் எழுதி 1986-இல் பொதுவில் விட்டதுதான் சி.வி.எஸ். 2005-இல் லினஸ் டோர்வால்ட்ஸின் கிட் வந்தபோது பூட்டு என்ற எண்ணமே இணைப்பு வேலைக்கு வெளியே போய்விட்டது. மைக்ரோசாஃப்ட்டின் டி.எஃப்.எஸ். கூட 2012 பதிப்பில் கோப்புகளை ரீட்-ஒன்லியாக இறக்காத வழியைச் சேர்த்துக்கொண்டது. கிட்டில் ஒரு திட்டத்தை இறக்கினால் அத்தனை கோப்பும் எழுதத் திறந்தே வரும். யாரும் எழுந்து நின்று கேட்பதில்லை.

அப்படியானால் இன்று ஒரு நிரல் கோப்பு திடீரென்று ரீட்-ஒன்லியாக மாறுவது ஏன்? மாறத்தான் செய்கிறது. ஆனால் பூட்டின் பின்னால் மனிதர் இல்லை. இதுதான் மாற்றம் என்று நான் நினைக்கிறேன். இன்றைய பிள்ளைகள் தடுமாறுவதும் இங்கேதான்.

எங்கள் குழுவில் புதிதாகச் சேர்ந்த பெண் போன ஆண்டு வந்து நின்றாள். “அண்ணா, நேத்து வரைக்கும் நல்லா இருந்துச்சு. இப்போ இந்த ஃபைல் மட்டும் சேவ் ஆகமாட்டேங்குது.” விஎஸ் கோட் அனுமதி போதவில்லை என்று சொல்லி, ‘சூடோவோடு மீண்டும் முயல்க’ என்று ஒரு பட்டனையும் நீட்டியிருந்தது. அவள் அதை அழுத்தியிருக்கிறாள், சேமிக்கவும் முடிந்திருக்கிறது. அடுத்த முறை சேமிக்கும்போது அதே செய்தி. ட்ரிபிள் செவன் கொடுத்துவிடலாமா என்று கேட்டாள். மொத்த ஃபோல்டருக்கும், யார் வேண்டுமானாலும் எது வேண்டுமானாலும் செய்யலாம் என்ற அனுமதி.

வேண்டாம் என்று சொல்லி, எல்எஸ் மைனஸ் எல் போடச் சொன்னேன். பட்டியலில் எல்லாக் கோப்புகளுக்கும் எதிரே அவளுடைய பெயர். அந்த ஒன்றுக்கு மட்டும் ரூட். முந்தின நாள் மாலை அவள் டாக்கருக்குள் ஒரு கட்டளை கொடுத்திருக்கிறாள். அது ஒரு புதிய கோப்பை எழுதியிருக்கிறது. அந்தக் கன்டெய்னருக்குள் ஓடுபவர் ரூட். ஃபோல்டரோ அவளுடைய கணினியில் இருப்பது. உள்ளே ரூட் எழுதிய கோப்பு வெளியிலும் ரூட்டுக்கே சொந்தம். சூடோ பட்டன் அந்த ஒருமுறை ரூட்டின் கையால் எழுதிக் கொடுத்ததே தவிர, சொந்தக்காரரை மாற்றவில்லை. சிஎச்ஓன் கட்டளையால் கோப்பை அவள் பெயருக்கு மாற்றினோம். பிறகு கன்டெய்னர் அவளுடைய பயனர் எண்ணிலேயே ஓடும்படி டாக்கரின் அமைப்புக் கோப்பில் ஒரு வரி சேர்த்தோம். அந்த வரிதான் மருந்து. சிஎச்ஓன் அன்றைக்கு மட்டும் வலியைப் போக்கியது.

ட்ரிபிள் செவன் கொடுத்திருந்தால்? கோப்பு திறந்திருக்கும். கூடவே கிட், இயக்கும் அனுமதி மாறிவிட்டதென்று அந்தத் திட்டத்தின் நூற்றுக்கணக்கான கோப்புகளையும் ‘திருத்தப்பட்டவை’ பட்டியலில் கொண்டுவந்து நிறுத்தியிருக்கும். அதே பழக்கத்தில் யாராவது தங்கள் எஸ்எஸ்எச் சாவி இருக்கும் ஃபோல்டருக்கும் கொடுத்துவிட்டால், எல்லோரும் படிக்கும்படி கிடக்கும் சாவியை ஏற்க எஸ்எஸ்எச் மறுத்துவிடும். 1999-இல் நான் எடுத்த டிக்குக்கும் இதற்கும் எனக்கு வித்தியாசம் தெரியவில்லை.

இதைவிடத் தீவிரமான ஒன்றை ஒருமுறை பார்த்தேன். நண்பர் ஒருவரின் உபுண்டு மடிக்கணினியில் ஒரு கோப்பு அல்ல, எந்தக் கோப்புமே சேமிக்கவில்லை. சொந்தக்காரர் சரி, அனுமதி சரி. சிஎச்மாட் கொடுத்தால் அதுவும் மறுக்கப்பட்டது. வட்டில் பிழை கண்ட கெர்னல், மேலும் எழுதினால் இருப்பதும் கெடும் என்று கோப்பு முறை முழுவதையும் தானே படிக்க மட்டும் என்று மாற்றிக்கொண்டிருந்தது. அங்கே வலுக்கட்டாயமாக எழுத வழி தேடுவதைப்போல ஆபத்து வேறில்லை. எழுதத்தான் முடியாதே தவிர, படிக்க முடிந்தது. உடனே எல்லாவற்றையும் வெளி வட்டுக்கு நகலெடுத்தோம். கெர்னலின் பதிவுகளைப் பார்த்தபோது வட்டு பல நாளாகவே முனகிக்கொண்டிருந்தது தெரிந்தது. அந்தப் பூட்டு விழுந்திராவிட்டால் நண்பர் எழுதிக்கொண்டேதான் இருந்திருப்பார்.

எளிய காரணங்களும் உண்டு. கோவையில் கல்லூரி படிக்கும் என் அக்கா மகன், சி நிரலை ஓட்டிவிட்டு எண்ணைத் தட்டினால் ‘இது படிக்க மட்டுமான எடிட்டர்’ என்று விஎஸ் கோட் சொல்வதாகப் போன் செய்தான். அவன் கோப்பில் எந்தக் குறையும் இல்லை. விடையைக் காட்டுவதற்கென்றே இருக்கும் பலகத்தில் போய்த் தட்டிக்கொண்டிருந்தான். நிரலை ஓட்டித்தரும் கோட் ரன்னர் நீட்சியின் அமைப்பில், டெர்மினலில் ஓட்டு என்று மாற்றச் சொன்னேன், சரியாகிவிட்டது. பழைய திருத்தத்தின் நகலைத் திறந்துவைத்துக்கொண்டு அதில் எழுதப் பார்ப்பவர்களுக்கும் இதே செய்திதான். விண்டோஸில் ஃபோல்டரின் ப்ராப்பர்ட்டீஸில் ரீட்-ஒன்லி கட்டம் பாதி நிரம்பியிருப்பதைப் பார்த்து, அதை எடுத்து எடுத்துத் தோற்பவர்கள் இன்னும் இருக்கிறார்கள். அந்தக் கட்டம் ஃபோல்டரைப் பூட்டுவதே இல்லை.

இன்னொரு வகைப் பூட்டு எனக்கு மிகவும் பிடித்தது. கோ மொழி, வெளியிலிருந்து இறக்கும் நூலகக் கோப்புகளை வேண்டுமென்றே ரீட்-ஒன்லியாக வைக்கிறது. பல திட்டங்கள் அந்த ஒரே நகலைப் பகிர்ந்துகொள்வதால், ஒரு திட்டத்துக்காக அதில் கைவைத்தால் மற்றவை உடையும். விஎஸ் கோடும் 2023-இல், எந்தெந்தக் கோப்புகளைப் பூட்டிவைக்கலாம் என்று நாமே சொல்லும் அமைப்பைக் கொண்டுவந்தது. இயந்திரம் உருவாக்கிய கோப்புகள் எங்கள் திட்டத்தில் இப்போது அப்படித்தான் இருக்கின்றன. அவற்றைத் திருத்தினால் அடுத்த பில்டில் அழிந்துபோகும். திருத்த வேண்டியது அவற்றைப் பிறப்பிக்கும் மூலத்தை. அன்றைய பூட்டு சகாவிடமிருந்து காத்தது. இது நம் கை தவறுவதிலிருந்து காக்கிறது.

இமேக்ஸ் எடிட்டரில் கன்ட்ரோல் எக்ஸ், கன்ட்ரோல் க்யூ என்று ஒரு விசைச் சேர்க்கை உண்டு. ஒரு காலத்தில் ஆர்.சி.எஸ். கோப்பில் அதை அழுத்தினால், நம் பெயரில் பூட்டைப் பதிந்து, கோப்பை எழுதக்கூடியதாக எடுத்துக் கொடுக்கும். பின்னாளில் அந்தப் பொறுப்பை அதனிடமிருந்து எடுத்துவிட்டார்கள். இப்போது திரையில் இருப்பதை மட்டும் எழுதத் திறக்கிறது. அதே விரல்கள், அதே விசைகள். யார் பெயரும் எங்கும் பதிவாவதில்லை.

பழைய முறை முற்றாகப் போய்விடவில்லை. கணினி விளையாட்டு செய்யும் கூடங்களில் பெர்ஃபோர்ஸ் இன்றும் கோப்புகளை ரீட்-ஒன்லியாகத்தான் இறக்குகிறது. இருவர் தனித்தனியே திருத்திய ஓவியத்தையோ முப்பரிமாண உருவத்தையோ நிரல்போல இணைக்க முடியாது. ஒருவர் முடிக்கும்வரை மற்றவர் காத்திருந்தே ஆக வேண்டும். கிட்டும் பெரிய கோப்புகளுக்கான தன் துணைக் கருவியில் பூட்டைத் திரும்ப அழைத்துக்கொண்டது. அங்கே ஒரு பட்டியல் கேட்டால், பூட்டிய கோப்பும் பூட்டியவர் பெயரும் வரிசையாக வரும். அதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்குப் பி.பி. நம்பர் ஞாபகம் வரும்.

போன மாதம் இன்னொரு பையன் சேர்ந்தான். மதிய உணவு முடிந்து வந்தபோது, அவன் இருக்கைப் பக்கத்தில் அந்தப் பெண் நின்றுகொண்டிருந்தாள். திரையில் அதே சூடோ பட்டன். பையனின் கை மவுஸில்.

“அதை அழுத்தாதே. எல்எஸ் மைனஸ் எல் போடு.”

போட்டான்.

“மூணாவதா இருக்கு பாரு, அந்தப் பேரை எனக்குப் படிச்சுக் காட்டு.”