உம்மம்மாவின் இருமல் போத்தல்

மாரி மழை பிடித்துவிட்டால் எங்கள் அம்பாறைக் கரையோரத்து ஊர்களில் வீட்டுக்கு வீடு இருமல் சத்தம் கேட்கும். நான் சின்னப் பிள்ளையாக இருந்த காலத்தில், அந்தச் சத்தம் தொடங்கியதும் உம்மம்மா அடுப்படித் தட்டிலிருந்து ஒரு கண்ணாடிப் போத்தலை இறக்குவா. உள்ளே காய்ந்த துளசி இலையும் வேர்க்கொம்புத் துண்டும் தேனில் ஊறிக் கிடக்கும். கரண்டியில் கொஞ்சம் எடுத்து நீட்டி, "வாயத் திற புள்ள. விழுங்காத, நக்கு" என்பா. தொண்டையில் இதமான ஒரு சூடு இறங்கும். இருமல் உடனே நிற்காது. ஆனால் தூக்கம் வரும்.

அந்தப் போத்தலை இன்றும் நான் செய்து வைக்கிறேன். தெருவிலுள்ளவர்கள் கேட்டு வருவார்கள். அதை எப்படிச் செய்வது, ஏன் அப்படித்தான் செய்ய வேண்டும், யாருக்குக் கொடுக்கக் கூடாது என்ற மூன்றையும் இங்கே எழுதுகிறேன். மூன்றாவதுக்காகத்தான் இந்தக் கட்டுரையையே எழுத நினைத்தேன்.

நக்கும் மருந்து

உம்மம்மா அறபுத்தமிழ் மட்டும் வாசிப்பா. வைத்திய நூல் எதையும் அவ கண்டதில்லை. ஆனால் அவ சொன்ன 'நக்கு' என்ற சொல்லுக்குப் பின்னால் பெரிய வரலாறு உண்டு. அறபு வைத்தியர்கள் இருமலுக்கும் நெஞ்சுச்சளிக்கும் கொடுத்த பாகு மருந்தின் பெயர் 'லஊக்'. நக்குவது என்று பொருள்படும் வினையிலிருந்து பிறந்த சொல் அது. சித்த, ஆயுள்வேத வைத்தியங்களில் உள்ள 'லேகியம்' என்ற சொல்லும் நக்குவது என்று பொருள்படும் வடமொழி வேரிலிருந்தே வந்தது. நம்மவர் அறிந்த 'மஃஜூன்' என்பதற்குப் பிசையப்பட்டது என்று பொருள். மருந்துத் தூளைத் தேனில் பிசைந்து செய்வது அது. 1961ஆம் ஆண்டின் 31ஆம் இலக்க ஆயுள்வேதச் சட்டம் யூனானியையும் சித்தத்தையும் ஆயுள்வேதத்தோடு சேர்த்தே ஏற்றுக்கொண்டிருக்கிறது. ஆக, இந்த மரபு எல்லாம் நமக்கு அந்நியமானவை அல்ல.

இவற்றில் பொதுவான ஒன்றைக் கவனியுங்கள். மஃஜூனுக்கு மருந்தைக் காயவைத்து, இடித்து, சலித்துத்தான் தேனில் சேர்ப்பார்கள். ஏன் காயவைக்க வேண்டும் என்பதை நான் அனுபவப்பட்டுத்தான் அறிந்துகொண்டேன்.

நான் விட்ட பிழை

கலியாணம் முடித்த முதல் வருசம். உம்மம்மாவின் கைப்பக்குவம் எனக்கும் வரும் என்ற நினைப்பு. வேலியோரம் நின்ற கற்பூரவள்ளி இலைகளைப் பறித்து, கழுவி, பச்சை இஞ்சியையும் சீவிப் போட்டு, மேலே தேன் ஊற்றி இறுக மூடி வைத்தேன். ஐந்தாம் நாள் மூடியைத் திருகியதும் 'டப்' என்று ஒரு சத்தம். நுரை பொங்கி மேசையெல்லாம் வழிந்தது. புளித்த வாடை.

உம்மா வந்து பார்த்துவிட்டுச் சிரித்தா. "பச்சை இலைக்குள்ள தண்ணி இரிக்கி புள்ள. உம்மம்மா இலைய நிழல்ல காயப் போடுறத நீ காணல்லியா?"

பூவிலிருந்து தேனீ கொண்டுவரும் மதுவில் பெரும்பகுதி தண்ணீர்தான். கூட்டுக்குள் தேனீக்கள் சிறகால் விசிறி விசிறி அந்தத் தண்ணீரை வற்றச் செய்கின்றன. நல்ல தேனில் தண்ணீர் ஐந்தில் ஒரு பங்கைத் தாண்டாது. சர்வதேச உணவுத் தர விதியும் பொதுவாக 20 சதவீதம் என்றே எல்லை வைத்திருக்கிறது. மிச்சம் கிட்டத்தட்ட முழுவதும் சர்க்கரை. ஊறுகாயில் உப்புச் செய்யும் வேலையைத் தேனில் அந்தச் சர்க்கரை செய்கிறது. கிருமிக்குத் தேவையான நீரை அது விட்டுவைப்பதில்லை. தேனுக்குக் கொஞ்சம் புளிப்புத்தன்மையும் உண்டு. தேனீ சேர்க்கும் ஒரு நொதியால், புண் கழுவும்போது நுரைக்கிறதே, அந்த ஹைட்ரஜன் பெரொக்சைட்டும் மிகச் சிறிதளவில் உண்டாகிறது.

பச்சை இலையையும் ஈரக் கரண்டியையும் உள்ளே விட்டால் இந்தக் காவல் எல்லாம் தளர்ந்துவிடும். தேனில் தூங்கிக் கிடக்கும் நொதியம் விழித்துக்கொண்டு சர்க்கரையை மதுசாரமாக மாற்றத் தொடங்கும். அது நமக்கு ருசி கெட்ட விடயம் மட்டுமல்ல. யெமன் நாட்டில் தேனைப் புளிக்கவைத்துச் செய்த 'பித்ஃ' என்ற பானத்தைப் பற்றி நபி (ஸல்) அவர்களிடம் கேட்கப்பட்டபோது, போதை தரும் பானம் எதுவானாலும் ஹறாம் என்று சொன்னதாக ஹதீஸ் உண்டு. நுரைத்துப் புளித்த போத்தலை வீட்டில் வைத்திருக்க வேண்டாம், கொட்டிவிடுங்கள். நானும் அன்று கொட்டிவிட்டேன்.

செய்யும் முறை

துளசி இலையை வெயில் உள்ள காலத்திலேயே பறித்து, கழுவி, துணியில் ஒற்றி, நிழலில் பரப்புங்கள். கையில் கசக்கினால் தூளாக உதிர வேண்டும். அதற்கு ஒரு கிழமை செல்லலாம். மாரி தொடங்கிய பிறகு இலை சரியாகக் காயாது, பூஞ்சணம் பிடிக்கும்.

250 மில்லிலீற்றர் அளவுள்ள கண்ணாடிப் போத்தல் ஒன்றைக் கொதிநீரால் கழுவி, துளி ஈரமும் இல்லாமல் காயவையுங்கள். இரண்டு மேசைக்கரண்டி காய்ந்த துளசி, ஒரு தேக்கரண்டி ஒன்றிரண்டாக இடித்த வேர்க்கொம்பு, அரைத் தேக்கரண்டி உடைத்த மிளகு ஆகியவற்றைப் போடுங்கள். மேலே தேனை மெதுவாக ஊற்றி, காய்ந்த ஈர்க்கால் கிளறிக் காற்றுக் குமிழிகளை வெளியேற்றுங்கள். வாயில் ஒரு விரல் அகலம் இடம் விட்டு மூடுங்கள். இலை மேலே மிதக்கும். அதனால் நாளுக்கு ஒருமுறை போத்தலைக் கவிழ்த்து நிமிர்த்த வேண்டும். வெயில் படாத இடத்தில் இரண்டு கிழமை இருக்கட்டும். ருசி இறங்கியது போதாவிட்டால் இன்னும் இரண்டு கிழமை விடலாம். பிறகு காய்ந்த மெல்லிய துணியில் வடித்து, திகதி எழுதி வையுங்கள். வடித்த இலையை எறியத் தேவையில்லை. பிளேன்ரீயில் போட்டுக் குடிக்கலாம்.

அவசரம் என்று அடுப்பில் வைத்துக் காய்ச்சாதீர்கள். "தேனுக்கு நெருப்புக் காட்டாத" என்பது உம்மம்மாவின் கண்டிப்பு. காரணம் உண்டு. அதிக சூட்டில் தேனின் நொதி அழியும், நிறம் கறுக்கும். தேன் சூடேறியதா என்று பார்ப்பதற்காகவே ஆய்வுகூடத்தில் எச்.எம்.எஃப். என்ற பொருளை அளக்கிறார்கள். தேன் இளகவேண்டும் என்றால் கை பொறுக்கும் சூட்டுத் தண்ணீரில் போத்தலை இறக்கி வையுங்கள், போதும். தேன்கூட்டின் நடுவிலேயே ஏறக்குறைய 35 பாகைச் சூடு உண்டு. அந்த இளஞ்சூடு தேனைக் கெடுக்காது.

கற்பூரவள்ளியும் பச்சை இஞ்சியும்தான் வேண்டும் என்றால், சாறு பிழிந்து ஒரு கரண்டித் தேனில் கலந்து அன்றைக்கே முடித்துவிடுங்கள். அது சேர்த்து வைக்கும் மருந்தல்ல.

மூலிகை எல்லாம் எல்லாருக்கும் ஒத்துவராது. ஆடாதோடை பழைய இருமல் மருந்து. இன்று மருந்துக்கடையில் விற்கும் புரோம்ஹெக்சின் என்ற சளி மருந்துகூட அதிலுள்ள வசிசின் என்ற பொருளை அடியொற்றி உருவாக்கப்பட்டதுதான். ஆனால் அது கருப்பையைச் சுருங்கச் செய்யக்கூடியது என்பதால் பிள்ளைத்தாய்ச்சிகள் அதைத் தொடக்கூடாது. அதிமதுரம் தொண்டைக்கு இதம். நாட்கணக்கில் கூடுதலாக எடுத்தால் இரத்த அழுத்தத்தை ஏற்றிவிடும்.

தேன் வாங்கும்போது தீக்குச்சியில் எரித்துப் பார்ப்பதையும், தண்ணீரில் விட்டுப் பார்ப்பதையும், எறும்பு மொய்க்கிறதா என்று பார்ப்பதையும் நம்பி இருந்துவிடாதீர்கள். சீனிப்பாணியும் கெட்டியாக இருந்தால் அந்தச் சோதனைகளில் தேறிவிடும். அறிந்த கையிடம் வாங்குவதுதான் நல்லது.

எவ்வளவு நம்பலாம்?

தேனில் மனிதருக்கு ஷிபா உண்டு என்பது அந்நஹ்ல் அத்தியாயத்தின் 69ஆவது வசனம் நமக்குச் சொல்லும் செய்தி. அந்த வசனத்தை விளக்கும் இடத்தில் இப்னு கதீர், அங்கே வந்திருப்பது 'ஒரு ஷிபா' என்ற பொருளிலேயே தவிர எல்லா நோய்க்குமான முழு ஷிபா என்றல்ல என்று வைத்தியம் பேசியோர் சிலரின் கருத்தை எடுத்துக் காட்டுகிறார். எல்லா நோய்க்கும், எல்லா வயதுக்கும், எவ்வளவும் என்பதெல்லாம் நாமாகச் சேர்த்துக்கொண்டவை.

அமெரிக்காவின் பென்சில்வேனியாவில் 105 பிள்ளைகளிடம் செய்து 2007இல் வெளியான ஆய்வில், படுக்கைக்குப் போகுமுன் கொடுத்த ஒரு வேளைத் தேன், ஒன்றும் கொடுக்காததைவிட இரவு இருமலை நன்றாகத் தணித்திருந்தது. இரண்டு முதல் ஐந்து வயதுக்கு அரைத் தேக்கரண்டி, ஆறு முதல் பதினொன்றுக்கு ஒரு தேக்கரண்டி என்பதே அங்கே கொடுத்த அளவு. 2018இல் பிரித்தானியாவின் மருத்துவ வழிகாட்டலும் சாதாரண இருமலுக்கு முதலில் தேனைப் பார்க்கலாம் என்று சொன்னது. உம்மம்மாவின் கரண்டி அளவும் ஏறத்தாழ அதேதான்.

ஆனால் அது இருமலைத் தணிக்கும், இதம் தரும், அவ்வளவுதான். மூச்சு வாங்கினால், நெஞ்சு உள்ளிழுத்தால், காய்ச்சல் விடாவிட்டால் போத்தலை வைத்துவிட்டு ஆஸ்பத்திரிக்குப் போங்கள். இருமல் இரண்டு கிழமையைத் தாண்டினால் சளிப் பரிசோதனை செய்ய வேண்டும். சீனி வருத்தம் உள்ளவர்கள் "சுன்னத்தான உணவுதானே" என்று கரண்டி கரண்டியாக எடுப்பதையும் காண்கிறேன். தேனும் இரத்தத்தில் சீனியை ஏற்றும். அந்த விடயத்தில் அது ஆள் பார்ப்பதில்லை.

குழந்தைக்கு மட்டும் வேண்டாம்

போன வருசம் மகளுக்குக் குழந்தை பிறந்து ஏழாம் நாள். சம்மந்தி வந்தா. மகாஓயாப் பக்கத்துக் காட்டுத்தேன் ஒரு போத்தல் கையில். "பேரன்ட நாக்குல ஒரு சொட்டுத் தொட்டு வைக்கணும் றாத்தா" என்றா.

"ஒரு வருசம் போகட்டும் றாத்தா" என்றேன்.

அவவின் முகம் வாடிவிட்டது. "ஊருக்கெல்லாம் தேன் மருந்து குடுக்கிறது நீங்கதானே. எங்கட புள்ளைக்கு மட்டும் கூடாதா?"

எனக்குத் தொண்டை அடைத்தது. ஏனென்றால் என் மூத்த மகளுக்கு நானே தொட்டு வைத்தவள். ஒன்றும் நடக்கவில்லை. அது அல்லாஹ்வின் றஹ்மத். அதை ஆதாரமாகக் காட்ட முடியாது.

மண்ணிலும் தூசியிலும் உள்ள போட்டுலினம் என்ற கிருமியின் வித்துகள் தேனிலும் இருக்கலாம். தேனுக்குள் அவை முளைக்காது, ஆனால் சாவதும் இல்லை. வீட்டு அடுப்பில் கொதிக்கவைத்தாலும் சாகாது. பெரியவர்களின் குடலில் அவை ஒன்றும் செய்யாமல் வெளியேறிவிடும். ஒரு வயதுக்குட்பட்ட குழந்தையின் குடல் இன்னும் முதிரவில்லை. அங்கே வித்து முளைத்து நஞ்சை உண்டாக்கும். முதலில் மலச்சிக்கல், பிறகு பால் உறிஞ்சப் பலமில்லாமை, அழுகை மெலிதல், தலை துவளுதல், கடைசியில் மூச்சே தடைப்படலாம். 1976இல்தான் கலிபோர்னியாவில் இந்த நோயை இனங்கண்டார்கள். அரிதான நோய்தான். ஆனால் எந்தப் போத்தலில் அந்த வித்து இருக்கிறது என்று பார்த்து அறிய வழியில்லை. அதனால் சுத்தமான தேனுக்கும் இதே விதிதான்.

சம்மந்திக்கு இதை மெதுவாகச் சொன்னேன். அபூமூஸா அல்அஷ்அரீ (றழி) அவர்களின் பிள்ளைக்கு நபியவர்கள் தஹ்னீக் செய்தது ஈத்தம்பழத்தால் என்பதையும் ஞாபகப்படுத்தினேன். ஈத்தம்பழம் கிடைக்காவிட்டால் இனிப்பான வேறொன்று என்ற இடத்தில்தான் தேன் பேசப்படுகிறது. இன்று ஈத்தம்பழம் இல்லாத கடை ஏது? மகளைப் பார்க்க வந்த மருத்துவமாதுவும் தேன் கூடாது என்றே சொன்னா. சம்மந்தி கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தா. பிறகு, "அப்ப இந்தத் தேன என்ன செய்யிற?" என்றா.

"இது அவன்டதான். வைப்பம்" என்றேன்.

அந்தத் தேனில் துளசியும் வேர்க்கொம்பும் போட்டு ஊறவைத்து வடித்து, பேரனுக்கு ஒரு வயது நிறையும் திகதியை எழுதி ஒட்டினேன். தட்டின் மேல்வரிசையில் இருக்கிறது. சம்மந்தி வரும்போதெல்லாம் அந்தத் திகதியை ஒருமுறை பார்த்துவிட்டுத்தான் உட்காருவா.