ஜூரிமார் விடுவித்தனர், ஹைக்கோர்ட்டு தண்டித்தது

கொலை வழக்கொன்றில் எதிரி சுற்றவாளி என்று ஜூரிமார் கூறிவிட்டால், அத்துடன் கதை முடிந்தது என்றே நம்மிற் பலர் எண்ணுகின்றோம். இங்கிலாந்தின் பழைய சட்டமும் அவ்வாறே கொண்டது. ஆனால் இந்தியாவுக்கென ஆங்கிலேயர் வகுத்த 1898 ஆம் ஆண்டுக் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 307 ஆம் பிரிவு என்றொரு வாயில் இருந்தது. ஜூரிமாரின் முடிபை ஏற்க இயலாத நீதிபதி, நீதியை முன்னிட்டு வழக்கை ஹைக்கோர்ட்டுக்கு அனுப்பலாம் என்பது அதன் சாரம். இந்திய ஜூரிமாரை அவர்கள் முற்றாக நம்பவில்லைப் போலும்! பம்பாயை ஒரு காலத்தில் உலுக்கிய நானாவதி வழக்கு அந்த வாயிலாலேயே மேலே சென்றது.

கவாஸ் நானாவதி இந்தியக் கடற்படையில் கமாண்டர். 'மைசூர்' என்னும் போர்க்கப்பலில் இரண்டாம் நிலை அதிகாரி. 1959 ஏப்ரில் 27 ஆம் திகதி நண்பகல், பிரேம் அகுஜா என்னும் வர்த்தகருடன் தமக்குள்ள உறவை அவர் மனைவி ஒப்புக்கொண்டார். நானாவதி மனைவியையும் பிள்ளைகளையும் படமாளிகையில் இறக்கிவிட்டுக் கப்பலுக்குச் சென்றார். இரவில் தனியே அகமத்நகருக்கு வண்டியோட்டிப் போவதாகப் பொய்க்காரணம் கூறி, ஒரு ரிவால்வரையும் ஆறு ரவைகளையும் பெற்றுக்கொண்டார். அகுஜாவைக் காரியாலயத்தில் தேடினார். காணாமல் வீட்டுக்கே சென்றார். பிற்பகல் 4.20 மணியளவில் படுக்கையறையில் மூன்று வெடிகள் தீர்ந்தன. பின்னர் தாமாகவே பொலிஸில் சரணடைந்தார்.

வஞ்சிக்கப்பட்ட கணவர், கண்ணியம் மிக்க வீரர் என்று ஊரே உருகிற்று. 'பிளிட்ஸ்' வாரப் பத்திரிகை அவருக்காக முழங்கிற்று. ஜூரிமார் ஒன்பதின்மரில் எண்மர் சுற்றவாளி என்றனர். நீதிபதி ரதிலால் மேத்தாவோ, நியாயமான மனிதர் எவரும் இச்சாட்சியத்தைக் கேட்டு இம்முடிபுக்கு வந்திருக்க இயலாது எனக் கருதி, வழக்கை ஹைக்கோர்ட்டுக்கு அனுப்பினார்.

இனி அந்தச் சாட்சியத்தைப் பார்ப்போம். இருவரும் ரிவால்வருக்காகப் போராடியபோது அது தற்செயலாக வெடித்தது என்பது எதிரி தரப்பு வாதம். குளித்துவிட்டு வந்த அகுஜாவின் இடுப்பில் ஒரு துவாய் மட்டுமே இருந்தது. அவர் வீழ்ந்து கிடந்தபோதும் அத்துவாய் நெகிழவுமில்லை, அவிழவுமில்லை. உயிருக்குப் போராடிய ஒருவரின் இடுப்பில் துவாய் அவ்வாறு நிற்குமா? பேசாத அத்துணி எத்தனையோ சாட்சிகளிலும் தெளிவாகப் பேசிற்று என்றே நமக்குத் தோன்றுகின்றது.

ஹைக்கோர்ட்டில் ஒரு வேடிக்கையும் நிகழ்ந்தது. ஜூரிமாரைக் குறைகண்ட நீதிபதியே அவர்களுக்குச் சட்டத்தைப் பிழையாக விளக்கியிருந்தார் என நீதியரசர் ஷேலத் கண்டார். தற்செயல் என்று கூறுபவர் அதனை நிறுவும் பொறுப்புடையவர். இதனை ஜூரிமாருக்குச் செவ்வனே எடுத்துரைக்கவில்லையாம். அவருடன் இருந்த நீதியரசர் நாயக்கோ, முடிபே நியாயமற்றது என்னும் வழியை விரும்பினார். வழி வேறாயினும் இருவரும் சேர்ந்த இடம் ஒன்றே: 1960 மார்ச் 11 ஆம் திகதி கொலைக்குற்றத்துக்கு ஆயுட்சிறை விதிக்கப்பட்டது. அன்றைக்கே கவர்னர் அத்தண்டனையை நிறுத்திவைத்தார். மேன்முறையீடு நிலுவையிலிருக்கையில் அவ்வாணை செல்லாதெனச் சுப்ரீம் கோர்ட்டு பின்னர் கூறியது.

1961 நவம்பர் 24 ஆம் திகதி சுப்ரீம் கோர்ட்டு தண்டனையை உறுதிசெய்தது. திடீர்ச் சினத்தால் அறிவிழந்தார் என்னும் வாதத்துக்குக் கடிகாரமே மறுமொழி கூறிற்று. 1.30 மணியளவில் வீட்டைவிட்டுப் புறப்பட்டவருக்கு 4.20 வரை தணிந்து சிந்திக்கப் போதிய நேரம் இருந்தது. படமாளிகையும் கப்பலும் நினைவிலிருந்தவருக்கு நிதானம் தப்பியதென்பது எப்படி?

இவ்வழக்கைப் படித்துவிட்டு, விடுதலையானவர் எவரையும் மீண்டும் கூண்டிலேற்றலாம் என மாணவர்கள் கருதிவிடலாகாது. 1973 ஆம் ஆண்டுச் சட்டத்துடன் இந்தியாவில் குற்ற வழக்குகளுக்கு ஜூரி முறை அற்றுப்போயிற்று. நானாவதி வழக்கே கடைசி ஜூரி வழக்கென்பது பலர் கூறும் கதை. பிறகும் சில நடந்தன. விடுதலையை எதிர்த்து அரசு மேன்முறையிடும் உரிமை நிலைத்தது. 2009 இறுதியிலிருந்து பாதிக்கப்பட்டோருக்கும் அவ்வுரிமை உண்டு. ஆயினும் விடுதலை பெற்றவரின் குற்றமின்மை அத்தீர்ப்பினால் மேலும் வலுப்பெறுகின்றது என்பதும், சாட்சியம் இருவகை முடிபுக்கு இடந்தருமாயின் மேல்மன்று விடுதலையில் கைவைத்தலாகாது என்பதும் அந்நாட்டில் நிலைபெற்ற விதிகள். கைதி வேறு, பொதுமக்களின் அன்பு வேறு என்று நீதிபதி பிரித்துப் பார்க்கும் அதே கண்ணுடன், அரசின் ஆத்திரத்தையும் பிரித்துப் பார்க்கவேண்டும் என்பது நம் கருத்து.

நானாவதி நெடுங்காலம் சிறையில் இருக்கவில்லை. 1964 இல் மகாராஷ்டிர கவர்னராயிருந்த விஜயலக்ஷ்மி பண்டித் அவருக்கு மன்னிப்பு வழங்கினார். கொலையுண்டவரின் சகோதரி அதற்கு எழுத்துமூலம் இசைந்தார் என்பர். பின்னர் நானாவதி மனைவி மக்களுடன் கனடா சென்று குடியேறி, 2003 இல் அங்கேயே காலமானார்.