பக்கவாத்தியம் பேசும்போது

'பக்கவாத்தியம்' என்கிற சொல்லே ஒரு படிநிலையைச் சொல்லிவிடுகிறது. ஜாஸில் அந்தப் பக்கத்து இடம் டபுள் பேஸுக்கு. ஆள் உயரம், நாலு தந்தி, அடிக்குரல். மற்றவர்களைத் தாங்கிக்கொண்டு பின்னால் நிற்கும்.

சார்ல்ஸ் மிங்கஸ் (1922-1979) அதை வைத்துக்கொண்டே குழுவை நடத்தினார். 1957இல் அமெரிக்காவின் ஆர்கன்சா மாநில ஆளுநர் ஃபாபஸ், ஒன்பது கறுப்பின மாணவர்கள் லிட்டில் ராக் பள்ளிக்குள் நுழையாதபடி படையை நிறுத்தினார். அவரைக் கிண்டலடித்து மிங்கஸ் கட்டிய உருப்படி, 1959இல் கொலம்பியா கம்பெனியின் தட்டில் வார்த்தையில்லாமல் வந்தது. 1960இல் கேண்டிட் என்ற சிறு கம்பெனிக்காகப் பதிவான 'சார்ல்ஸ் மிங்கஸ் பிரசன்ட்ஸ் சார்ல்ஸ் மிங்கஸ்' தட்டில்தான் வார்த்தைகளோடு கேட்கக் கிடைத்தது. (சிறுபத்திரிகைக்காரர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை.)

அதில் நாலே பேர். எரிக் டால்ஃபி சாக்ஸபோன், டெட் கர்சன் ட்ரம்பெட், டேனி ரிச்மண்ட் ட்ரம்ஸ், மிங்கஸ் பேஸ். பியானோ கிடையாது. எந்தச் சுரக்கூட்டில் நிற்கிறோம் என்று நினைவூட்டப் பியானோ இல்லாததால், ஊதுகிறவர்கள் பேஸைக் கேட்டே ஆகணும். மிங்கஸ் காலப்பிரமாணத்தை மாற்றினால் எல்லாரும் மாறணும். ஆளுநரைப் பற்றிக் கேள்வி கேட்பவர் பேஸ்காரர், பதில் சொல்பவர் ட்ரம்ஸ்காரர். பக்கம் நின்றவர்கள் வாய்திறக்கிறார்கள்.

நம் தஞ்சாவூர்ப் பக்கம் நாகசுரக் கச்சேரிக்கு 'ஸ்பெஷல் தவில்' என்று தனியே அழைப்பார்கள். நீடாமங்கலம் மீனாட்சிசுந்தரம் பிள்ளையின் தவில் அப்படிப் பேர் வாங்கியது. ஆனால் தவில் கோயிலுக்குள் போனது, பறை வெளியே நின்றது. சாவுக்கு அடிக்கிற கட்டாய ஊழியமாக இருந்த பறையைத் தலித் மக்கள் பல ஊர்களில் மறுத்தார்கள். பிறகு அதே பறையைப் போராட்ட மேடையில் தாங்களே எடுத்து அடித்தார்கள். யார் சொல்லி அடிப்பது என்பதுதான் கேள்வி. மிங்கஸின் தட்டு கேட்பதும் அதையே.