ரிஃபாம்பிசின்: ஒரு மருந்துப் பெயரின் பொருளும் பயன்பாடும்

சில ஆண்டுகளுக்கு முன் ஒரு நாள், களக்காட்டில் அஸர் தொழுகை முடிந்து பள்ளிவாசலின் வெளித்திண்ணையில் நாம் அமர்ந்திருந்தோம். வாழைக்காய் வணிகம் செய்யும் பெரியவர் ஒருவர் மடித்த தாளொன்றைக் கொண்டுவந்து நீட்டினார். இரண்டு மாதங்களாக இருமி மெலிந்துவந்த அவருடைய மகனின் சளிப் பரிசோதனை முடிவு அது. காசநோய்க் கிருமி காணப்பட்டது என்பது அதன் முதல் வரி. அடுத்த வரியில் 'ரிஃப் ரெசிஸ்டன்ஸ் நாட் டிடெக்டெட்' என்று ஆங்கிலத்தில் அச்சிடப்பட்டிருந்தது. பக்கத்து வீட்டு மாணவர் ஒருவர் அதற்கு 'எதிர்ப்பு இல்லை' என்று பொருள் சொல்லியிருக்கிறார். "ஹஜ்ரத், பிள்ளை உடம்புல எதிர்ப்புச் சக்தியே இல்லையாம். இனி மருந்து குடுத்து என்ன பிரயோசனம்?" என்று கேட்டபோது பெரியவரின் குரல் தழுதழுத்தது.

நாம் மருத்துவம் பயின்றவர் அல்லோம். அந்த 'ரிஃப்' என்னும் சொல்லின் பொருளும் அன்று நமக்குத் தெரியாது. மறுநாள் அவருடன் நாமும் மருத்துவரிடம் சென்றோம். தாளைப் பார்த்த மருத்துவர் சிரித்தவாறே, "இது நல்ல செய்தி ஐயா" என்றார். பெரியவர் ஓர் இரவு முழுவதும் உறக்கமின்றி அழுதது நோயினால் அன்று; ஒரு சொல்லின் பொருள் பிறழ்ந்ததனால். அன்று தொடங்கிய தேடலின் பயனே இக்கட்டுரை.

மருந்தை அறிதலும் பெயரை அறிதலும்

மருந்தின் பெயரை ஆராய்வது வீண் வேலை என்று நம் முன்னோர் கருதியதில்லை. பேரறிஞர் அல்பீரூனி தம் முதுமையில் 'கிதாபுஸ் ஸைதனா' என்னும் மருந்தியல் நூலை இயற்றினார். அதில் மருந்துப் பொருள்களை அரபு அகரவரிசையில் நிறுத்தி, அவற்றிற்கு அரபு, கிரேக்கம், சுரியானி, பாரசீகம், இந்திய மொழிகள் ஆகியவற்றில் வழங்கிய பெயர்களைத் தொகுத்தளித்தார். அந்த உழைப்பின் தேவை எளிதில் விளங்கும். ஒரு பொருளுக்குப் பல பெயர்களும், பல பொருள்களுக்கு ஒரே பெயரும் வழங்கும் இடத்தில், பெயர் பிழைத்தால் மருந்து பிழைக்கும். மருந்து பிழைத்தால் உயிர் பிழைக்காது. ஸைதனாவின் காலத்திற்குப் பொருந்திய இந்த உண்மை, மாத்திரைகளின் காலத்திற்கும் பொருந்தும்.

பெயர் பிறந்த கதை

அத்தாளில் 'ரிஃப்' என்று சுருங்கி நின்ற சொல்லின் முழு வடிவம் 'ரிஃபாம்பிசின்' என்பதாகும். காசநோய்க்கும் தொழுநோய்க்கும் தரப்படும் முதன்மையான நுண்ணுயிர் எதிர்ப்பு மருந்து இது. அரபு மொழியில் இவ்வகை மருந்தை 'முளாத்து ஹயவீ' என்பர்.

1957ஆம் ஆண்டு, பிரான்சின் தென்கடற்கரையில் ஸான் ரஃபயேல் என்னும் ஊரையொட்டிய பைன் மரக்காட்டு மண் சிறிதளவு இத்தாலியின் மிலான் நகரிலிருந்த லெபெத்தித் ஆய்வுக்கூடத்திற்குச் சென்றது. அம்மண்ணில் வாழ்ந்த ஒரு நுண்ணுயிர், பிற கிருமிகளை அழிக்கும் பொருள்களைச் சுரப்பதை பியெரோ ஸென்ஸி முதலான ஆய்வாளர்கள் கண்டனர். புதிய பொருள்களுக்கு விளையாட்டாகப் புனைபெயர் சூட்டுவது அக்கூடத்தாரின் வழக்கம். அக்காலத்தில் பெயர் பெற்றிருந்த 'ரிஃபிஃபி' என்னும் பிரெஞ்சுத் திரைப்படத்தின் பெயரை இதற்குச் சூட்டினர். 1955இல் வெளிவந்த அப்படம் ஒரு நகைக்கடைக் கொள்ளையைப் பற்றியது. அப்பெயரே பின்னர் 'ரிஃபாமைசின்' என்று அறிவியல் உருப்பெற்றது. கோடிக்கணக்கான நோயாளிகளின் உயிர்காத்த மருந்து, கொள்ளையர் கதை ஒன்றிலிருந்து பெயர் வாங்கியது விந்தையே.

இவ்விடத்தில் அரபு பயின்றவர் உள்ளம் ஒரு கணம் துள்ளும். 'ரீஃப்' என்பது நம் சொல்லாயிற்றே! நீர்வளமும் விளைநிலமும் உள்ள நாட்டுப்புறத்தை அரபியர் அவ்வாறு அழைப்பர். மொராக்கோவின் வடபகுதி மலைநாட்டிற்கும் ரீஃப் என்றே பெயர். 1921 முதல் 1926 வரை அப்துல் கரீம் அல்கத்தாபியின் தலைமையில் ஸ்பெயினையும் பிரான்சையும் எதிர்த்து மக்கள் போரிட்டது அங்கேதான். படத்திற்கு மூலமான புதினத்தை 1953இல் எழுதிய ஒகுஸ்த் லெ ப்ரெத்தோன், ரீஃப் மக்களை நினைத்துத் தாமே 'ரிஃபிஃபி' என்னும் சொல்லை ஆக்கியதாக எண்ணியிருந்தார். அவ்வாறாயின் களக்காட்டு நோயாளி விழுங்கும் மாத்திரையின் பெயரில் ஓர் அரபுச் சொல் இருக்கிறது என்று நாம் பெருமை கொள்ளலாம்.

ஆயினும் அப்பெருமை நிலைக்காது. முதல் உலகப் போரின்போதே பிரெஞ்சுப் படைவீரர்களின் பேச்சில் 'ரிஃப்' என்னும் சொல் போர்முனையைக் குறித்து வழங்கியது. அதற்கும் முற்பட்ட அதன் வேர், நெருப்பைக் குறித்த பழைய பிரெஞ்சுச் சொல் ஒன்றாகும். ஆக, ரீஃப் போருக்கு முன்பே அச்சொல் இருந்தது. ஆசிரியரின் எண்ணம் பிழை. ஒலி ஒத்திருப்பதனால் மட்டும் உறவு கொண்டாடுவது மொழியறிவு ஆகாது. நமக்கு இனிக்கும் பொருளைச் சொல்லின்மேல் ஏற்றுவதும், நம்மை அச்சுறுத்தும் பொருளைச் சொல்லின்மேல் ஏற்றுவதும் ஒரே பிழையின் இரு முகங்கள். திண்ணையில் அப்பெரியவருக்கு நேர்ந்தது இரண்டாவது.

பெயரின் உறுப்புகள்

ரிஃபாமைசின் வகையில் முதலில் கிடைத்த பொருள்கள் வாய்வழி உட்கொள்ளப் பயன்படவில்லை. அவற்றின் வேதியமைப்பைப் பலவாறு மாற்றிப் பார்த்த ஆய்வாளர்கள், 1965இல் 'பிப்பெரசின்' என்னும் வேதிப்பொருளின் உறுப்பொன்றை இணைத்துப் புதிய மருந்தை உருவாக்கினர். ரிஃபாமைசின் என்னும் பெயருக்குள் பிப்பெரசினின் முதலெழுத்தாகிய 'பி' புகுந்து 'ரிஃபாம்பிசின்' ஆயிற்று. வினைச்சொல்லினுள் ஓர் எழுத்தைப் புகுத்திப் புதிய பொருள் பெறும் ஸர்ஃபு இலக்கணம் கற்ற மாணவர்க்கு இம்முறை அயலானதன்று. 1968இல் இத்தாலியிலும் 1971இல் அமெரிக்காவிலும் இம்மருந்து விற்பனைக்கு வந்தது.

'மைசின்' என்னும் ஈறு கிரேக்கத்தில் காளானைக் குறிக்கும் சொல்லிலிருந்து வந்தது. ஸ்ட்ரெப்டோமைசிஸ் இனத்து நுண்ணுயிரிகளிலிருந்து கிடைத்த மருந்துகளுக்கு அது உரியது. அவ்வுயிரிகளோ காளான்கள் அல்ல, பாக்டீரியாக்கள். ரிஃபாமைசின் தந்த உயிரியும் பின்னாளில் ஸ்ட்ரெப்டோமைசிஸ் இனத்திலிருந்து நீக்கப்பட்டு வேறு இனத்தில் சேர்க்கப்பட்டது. பெயர் மட்டும் மாறவில்லை. பெயர் வரலாற்றைச் சொல்லும்; உண்மையை எப்போதும் சொல்லாது.

மருந்துகளின் பொதுப்பெயர் உலகெங்கும் ஒன்றாயிருத்தல் வேண்டும் என்று உலக சுகாதார நிறுவனம் 1953 முதல் பெயர்ப் பட்டியல்களை வெளியிட்டு வருகிறது. அம்முறையில் 'ரிஃபா' என்பது ஒரு குடும்பப்பெயர். ரிஃபாபூட்டின், ரிஃபாபென்டின், ரிஃபாக்ஸிமின் ஆகியவை ரிஃபாம்பிசினின் உடன்பிறப்புகள். ஆயினும் ஒன்றன் இடத்தில் மற்றொன்றைத் தருதல் கூடாது. ரிஃபாக்ஸிமின் குடலுக்குள்ளேயே நின்று செயற்படுவது, காசநோய்க்கு உதவாது. அமெரிக்கர் 'ரிஃபாம்பின்' என்பது வேறு மருந்தன்று. ரிஃபாம்பிசினையே அவர்கள் அவ்வாறு அழைக்கின்றனர். வளைகுடா நாடுகளிலிருந்து மருந்துச்சீட்டுடன் ஊர் திரும்புவோர் இதை நினைவிற் கொள்வது நன்று.

பயன்பாடு

காசநோயை அரபியர் 'ஸில்' என்பர். மெல்ல உருவி எடுத்தல் என்னும் பொருளுடைய வேரிலிருந்து வந்த சொல் அது. உடலின் சதையை மெல்ல உருவிக்கொள்ளும் நோய்க்கு அப்பெயர் பொருத்தமே. இந்நோய்க்குரிய சிகிச்சை வரலாற்றில் தமிழகத்திற்குச் சிறப்பிடம் உண்டு. 1956இல் சென்னையில் தொடங்கப்பட்ட காசநோய் மருந்துச் சிகிச்சை நிலையம், நோயாளியை மருத்துவ விடுதியில் வைத்துக் காப்பதற்கு நிகராக வீட்டிலிருந்தவாறே மருந்துண்டும் குணமாக்கலாம் என்பதை 1959இல் உலகிற்கு மெய்ப்பித்தது. ஆனால் அன்றைய மருந்துகளை ஓராண்டும் அதற்கு மேலும் உண்ண வேண்டியிருந்தது. ரிஃபாம்பிசின் வந்து, பைரசினமைடு என்னும் மருந்தும் அதனுடன் சேர்ந்த பின்னரே சிகிச்சைக் காலம் ஆறு மாதமாகச் சுருங்கிற்று. அத்தகைய குறுகிய காலச் சிகிச்சை முறைகளை 1970களில் சென்னை நிலையமும் ஆய்ந்தது.

ரிஃபாம்பிசின் செயற்படும் விதத்தைக் கையெழுத்துச் சுவடி காலத்து உவமையால் விளக்கலாம். ஒவ்வொரு கிருமியிடமும் அதன் வாழ்க்கைக்குரிய மூலப்பிரதி ஒன்று உண்டு. அதிலிருந்து வேண்டிய பகுதியைப் படியெடுத்துத் தரும் எழுத்தர் போன்றது ஒரு நொதி. ரிஃபாம்பிசின் அந்த எழுத்தரின் கையைப் பற்றிக்கொள்கிறது. படியெடுக்க இயலாத கிருமி மடிகிறது. ஆனால் பல கோடிக் கிருமிகளில் ஏதோ ஒன்றின் மூலப்பிரதியில் ஓர் எழுத்து மாறியிருக்கும். ஹா என்னும் எழுத்தின் மேல் ஒரு புள்ளி ஏறினால் அது கா ஆகிவிடுவதைப்போல, அச்சிறு மாற்றத்தால் எழுத்தரின் கை மருந்தின் பிடிக்கு அகப்படாததாகிவிடுகிறது. இம்மாற்றங்களில் பெரும்பாலானவை 81 எழுத்துகளே கொண்ட ஒரு சிறு பகுதியில் நிகழ்கின்றன. சி.பி.நாட் பரிசோதனை அப்பகுதியைத்தான் படித்துப் பார்த்து, சுமார் இரண்டு மணி நேரத்தில் முடிவு சொல்கிறது.

ரிஃபாம்பிசினைத் தனியே தராமல் ஐசோனியசிட், பைரசினமைடு, எத்தாம்பியூட்டால் ஆகியவற்றுடன் சேர்த்துத் தருவதன் காரணமும் இதுவே. ஒன்றின் பிடிக்குத் தப்பிய கிருமி மற்றொன்றில் அகப்படும். இடையில் மருந்தை நிறுத்துவோரும், விட்டுவிட்டு உண்போரும் தப்பிய கிருமியைத் தம் கையாலேயே வளர்க்கின்றனர்.

எதிர்ப்பு என்னும் சொல்

இனிப் பெரியவரின் தாளுக்கு வருவோம். உடல் நோயைத் தடுக்கும் ஆற்றலை அரபியில் 'மனாஆ' என்பர். தடுத்தல் என்பது அதன் வேர்ப்பொருள். கிருமி மருந்துக்கு அடங்காமல் நிற்பதை 'முகாவமா' என்பர். எதிர்த்து நிற்றல் என்பது அதன் பொருள். ஆங்கிலத்திலும் இரண்டிற்கும் வெவ்வேறு சொற்கள் உள்ளன. பேச்சுத் தமிழிலோ இரண்டும் 'எதிர்ப்பு' என்னும் ஒரே சொல்லில் அடங்கிவிடுகின்றன. உடலின் எதிர்ப்பு இருப்பது நன்மை. கிருமியின் எதிர்ப்பு இருப்பது தீமை. அத்தாள் பேசியது கிருமியைப் பற்றி. பெரியவர் தம் மகனின் உடலைப் பற்றியதாகக் கருதினார். 'ரிஃபாம்பிசினை எதிர்த்து நிற்கும் ஆற்றல் இக்கிருமியிடம் காணப்படவில்லை' என்பதே அவ்வரியின் பொருள். அதாவது, அம்மருந்து வேலை செய்யும்.

எதிர்ப்பு காணப்பட்டது என்றிருந்தாலும் நம்பிக்கை இழக்க வேண்டியதில்லை. பெடாக்குலின் முதலிய வேறு மருந்துகள் உள்ளன. அரசு மருத்துவமனைகளில் அவையும் இலவசமாகவே கிடைக்கின்றன.

நோயாளிகள் கேட்பவை

மருந்து தொடங்கிய சில நாட்களில் அந்த இளைஞர் மற்றொரு கலக்கத்துடன் வந்தார். சிறுநீர் செம்மஞ்சள் நிறமாகியிருந்தது. இரத்தமோ, தொழுகைக்குத் தடையோ என்பது அவருடைய அச்சம். ரிஃபாம்பிசின் இயல்பிலேயே செங்கல் நிறமுடையது. சிறுநீர், வியர்வை, கண்ணீர் யாவற்றிலும் அந்நிறம் கலக்கும். அது இரத்தமன்று, வியர்வையும் கண்ணீரும் தூய்மையானவை என்னும் நிலை அதனால் மாறுவதுமில்லை. ஆனால் கண்ணின் வெள்ளை மஞ்சளித்து, பசி அடங்கி, வாந்தியும் கண்டால் அது கல்லீரல் பாதிப்பின் அறிகுறியாகலாம். உடனே மருத்துவரைக் காண வேண்டும். நீரிழிவு, இரத்த உறைவுத் தடுப்பு, கருத்தடை ஆகியவற்றுக்கான மாத்திரைகள் சிலவற்றின் வலிமையை ரிஃபாம்பிசின் குறைத்துவிடும். ஆகவே உண்ணும் மருந்துகள் அனைத்தையும் மருத்துவரிடம் சொல்லிவிட வேண்டும்.

ரமளானில் என் செய்வது என்றும் கேட்கின்றனர். நோயாளிக்கு நோன்பைப் பின்னர் நோற்கும் சலுகையை மார்க்கம் வழங்கியிருக்கிறது. உடல் தேறியவர் மருத்துவரின் இசைவுடன் நோன்பு நோற்பின், நாளுக்கொரு முறை உண்ணும் இம்மாத்திரையை ஸஹர் உணவுக்கு ஒரு மணி நேரம் முன்னதாக எழுந்து உண்ணலாம். நோன்பின் பெயரால் ஒரு நாளேனும் மருந்தை விடுதல் கூடாது.

அவ்விளைஞர் ஆறு மாதமும் மருந்துண்டு குணமடைந்தார். இன்று தந்தையின் கடையைக் கவனித்துக்கொள்கிறார். மருந்தில் குறையில்லை, மருத்துவத்தில் குறையில்லை. குறை அத்தாளின் மொழியில் இருந்தது. 'இம்மருந்துக்குக் கிருமி கட்டுப்படும்' என்று தமிழில் ஒரு வரி அதில் சேர்க்கப்பட்டிருந்தால், ஒரு தந்தைக்கு அந்த இரவு நேர்ந்திராது. அவ்வரி அச்சேறும் வரை, கற்றவர் எவரும் தமக்குத் தெளிவாய்த் தெரியாத சொல்லுக்கு நோயாளியிடம் பொருள் கூறாதிருத்தல் நன்று. அறிந்தவரிடம் அழைத்துச் செல்லுதல் அதனினும் நன்று.