'ரோபோ' பிறந்த கதை

எந்திர மனிதனை 'ரோபோ' என்கிறோம். இச்சொல் பிறந்தது தொழிற்சாலையில் அன்று. ஒரு நாடக நூலில். செக் எழுத்தாளர் காரெல் சாப்பெக் 1920ஆம் ஆண்டில் அந்நாடகத்தை வெளியிட்டார். சொல்லை எடுத்துத் தந்தவர் அவர்தம் தமையனார் யோசெப். செக் மொழியில் 'ரோபோட்டா' என்றால், பண்ணையடிமைகள் நிலக்கிழாருக்குச் செய்த கட்டாய உழைப்பு. தோட்டத்துப் பெற்றோர்க்கு இதனை விளக்கவும் வேண்டுமோ?

நாடகத்தில் வருவோர் இரும்புப் பொம்மைகள் அல்லர். வேலைக்கென்றே உருவாக்கப்பட்ட செயற்கை மனிதர்கள். ஓய்வின்றி உழைத்த அவர்கள் இறுதியில் கிளர்ந்தெழுந்து மனித குலத்தையே அழிக்கின்றனர்.

இவ்வச்சத்திற்கு விடை கூறுவார்போல் ஐசக் அசிமோவ், 1942இல் வெளிவந்த கதையொன்றில் ரோபோக்களுக்கு மூன்று விதிகள் வகுத்தார். மனிதனுக்குத் தீங்கு செய்யலாகாது என்பதே முதல் விதி.

தமிழில், சுஜாதாவின் 'என் இனிய இயந்திரா'வில் ஜீனோ என்னும் இயந்திர நாய் பேசுகிறது, சிந்திக்கவும் செய்கிறது. மாணவர்களே, முதலில் அந்நூலைத் தேடிப் படியுங்கள்.