பிளே ஆஃப் வாய்ப்பு எத்தனை சதவீதம்? உங்கள் ஒர்க்ஷீட்டே கணக்கிடும்!

விளையாட்டுச் செய்திகளில் "இந்த அணி பிளே ஆஃப் சுற்றுக்குச் செல்ல 6 சதவீத வாய்ப்பு" என்று எழுதுகிறார்கள். மறுநாள் அதே எண் 12 ஆகிறது, அடுத்த வாரம் 3 ஆகிறது. இது யாரோ நிபுணர் மனதில் தோன்றிய எண் இல்லை. கம்ப்யூட்டர் எண்ணிச் சொன்ன எண். அந்த எண்ணும் வேலையை உங்கள் வீட்டுக் கம்ப்யூட்டரும் செய்யும். எக்ஸெல் இருந்தால் போதும். இல்லாதவர்கள் இலவசமாகக் கிடைக்கும் லிப்ரே ஆபீஸ் தொகுப்பில் உள்ள கால்க் புரோகிராமைப் பயன்படுத்தலாம்.

புதிதாகக் கம்ப்யூட்டர் வாங்கியவர்கள் பலர் ஒர்க்ஷீட்டைக் கூட்டல், கழித்தலுடன் நிறுத்திக் கொள்கிறார்கள். நடக்கப் போவதை எடை போடவும் அதைப் பயன்படுத்த முடியும். அதை ஓர் உண்மையான உதாரணத்துடன் பார்ப்போம்.

களம் இதுதான்

அமெரிக்காவின் என்.பி.ஏ. கூடைப்பந்து லீக்கில் 30 அணிகள் உள்ளன. கிழக்கில் 15, மேற்கில் 15. ஒவ்வோர் அணியும் ஒரு சீசனில் 82 ஆட்டங்கள் ஆடும். டிரா கிடையாது; சமமாக முடிந்தால் கூடுதல் நேரம் உண்டு. 2018இல் இருந்த விதிப்படி, ஒவ்வொரு பிரிவிலும் முதல் 8 இடம் பிடிக்கும் அணிகள் பிளே ஆஃப் செல்லும்.

நாம் எடுத்துக் கொள்வது 2018 மார்ச் 28 அன்று மேற்குப் பிரிவில் இருந்த நிலை. டென்வர் நக்கெட்ஸ் அணி 40 வெற்றி, 35 தோல்வி. இன்னும் 7 ஆட்டங்கள் பாக்கி. அதற்கு மேலே மினசோட்டா டிம்பர்வுல்வ்ஸ், 43 வெற்றி, 33 தோல்வி. அதற்கு 6 ஆட்டங்கள் பாக்கி. டென்வர் கடைசியாக பிளே ஆஃப் ஆடியது 2013இல். மினசோட்டா ஆடியது 2004இல். இரண்டுமே பசியோடு இருந்த அணிகள்.

டென்வர் அணியின் பாக்கி ஆட்டங்கள்: ஓக்லஹோமா சிட்டி (வெளியூர்), மில்வாக்கி, இண்டியானா, மினசோட்டா (மூன்றும் உள்ளூர்), லாஸ் ஏஞ்சல்ஸ் கிளிப்பர்ஸ் (வெளியூர்), போர்ட்லேண்ட் (உள்ளூர்), கடைசியாக மீண்டும் மினசோட்டா (வெளியூர்).

மினசோட்டாவுக்கு டென்வருடன் ஆடும் அந்த இரண்டு ஆட்டங்களைத் தவிர நான்கு: டல்லஸ் (வெளியூர்), யூட்டா (உள்ளூர்), லேக்கர்ஸ் (வெளியூர்), மெம்பிஸ் (உள்ளூர்).

காகிதத்திலேயே ஒரு கணக்கு

கம்ப்யூட்டரைத் தொடும் முன் ஒரு சின்னக் கணக்கு. இதை மேஜிக் நம்பர் என்பார்கள். மொத்த ஆட்டங்களுடன் 1 கூட்டி, முன்னால் இருக்கும் அணியின் வெற்றிகளையும் பின்னால் இருக்கும் அணியின் தோல்விகளையும் கழிக்க வேண்டும். 82 + 1 - 43 - 35 = 5. மினசோட்டாவின் வெற்றிகளும் டென்வரின் தோல்விகளும் சேர்ந்து 5 ஆனால், டென்வரால் மினசோட்டாவைப் பிடிக்க முடியாது என்று பொருள்.

ஒன்றைக் கவனியுங்கள். மினசோட்டா வேறு அணியை வென்றால் இந்த எண் 1 குறையும். டென்வரையே வென்றால், ஒரு வெற்றி, ஒரு தோல்வி என்று ஒரே ஆட்டத்தில் 2 குறையும். மீதமுள்ள அட்டவணையைப் பார்க்கும்போது எத்தனை ஆட்டம் என்று மட்டும் பார்க்கக் கூடாது. யாருடன் என்றும் பார்க்க வேண்டும்.

எண்களைத் தயார் செய்தல்

அன்று வரை டென்வர் சொந்த ஊரில் 27 வெற்றி, 10 தோல்வி. 27ஐ 37ஆல் வகுத்தால் 0.73. வெளியூரில் 13 வெற்றி, 25 தோல்வி. அதாவது 0.34. ஒரே அணி, ஊர் மாறினால் வேறு அணி போல் ஆகிவிடுகிறது! டென்வர் நகரம் கடல் மட்டத்துக்கு மேல் சுமார் 1,600 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. அந்த மெல்லிய காற்றில் ஓடிப் பழகாத அணிகளுக்குச் சீக்கிரம் மூச்சு வாங்கும்.

மினசோட்டா உள்ளூரில் 28 வெற்றி, 10 தோல்வி (0.74). வெளியூரில் 15 வெற்றி, 23 தோல்வி (0.39).

இரு அணிகளும் நேருக்கு நேர் மோதும் ஆட்டங்களுக்கு என்ன போடுவது? டென்வர் உள்ளூரில் வெல்லும் வாய்ப்பு 0.73. மினசோட்டா வெளியூரில் தோற்கும் வாய்ப்பு 0.61. இரண்டின் சராசரி 0.67. இதே முறையில் மினசோட்டா மண்ணில் டென்வர் வெல்ல 0.34க்கும் 0.26க்கும் சராசரி, 0.30.

ஒர்க்ஷீட்டில் அமைக்கும் முறை

செல் பெயர்களையும் பார்முலாக்களையும் இங்கே தமிழில் அச்சிட்டிருக்கிறேன். கீபோர்டில் ஆங்கில எழுத்துகளாகவே டைப் செய்யுங்கள். ராண்ட் என்பது ஆர், ஏ, என், டி. இஃப் என்பது ஐ, எஃப். சம் என்பது எஸ், யு, எம்.

1. முதல் வரிசையில் ஏ1 முதல் ஜி1 வரை டென்வரின் ஏழு ஆட்டங்களை மேலே தந்த அதே வரிசையில் எழுதுங்கள். எச்1 முதல் கே1 வரை மினசோட்டாவின் மற்ற நான்கு ஆட்டங்கள்.

2. இரண்டாம் வரிசையில் வெற்றி வாய்ப்புகள். ஏ2 முதல் ஜி2 வரை: 0.34, 0.73, 0.73, 0.67, 0.34, 0.73, 0.30. எச்2 முதல் கே2 வரை: 0.39, 0.74, 0.39, 0.74.

3. எல்2 செல்லில் 40, எம்2 செல்லில் 43 என்று இப்போதைய வெற்றிகளை எழுதுங்கள்.

4. ஏ3 செல்லில் இந்த பார்முலா: =இஃப்(ராண்ட்()<ஏ$2,1,0)

இதுதான் கணக்கின் இதயம். ராண்ட் என்பது 0க்கும் 1க்கும் இடையில் ஏதோ ஓர் எண்ணைக் குலுக்கி எடுத்துத் தரும். அது 0.34க்குக் குறைவாக இருந்தால் டென்வர் வென்றதாக 1; இல்லையென்றால் 0. நூறு முறை குலுக்கினால் ஏறக்குறைய 34 முறை 1 வரும். 2க்கு முன்னால் உள்ள டாலர் குறியை விட்டுவிடாதீர்கள். பார்முலாவைக் கீழே காப்பி செய்யும்போது, எப்போதும் இரண்டாம் வரிசையையே பார் என்று சொல்வது அந்தக் குறிதான்.

5. ஏ3 செல்லின் வலது கீழ் மூலையில் மவுஸை வைத்து, கே3 வரை இழுத்து விடுங்கள். பதினொரு ஆட்டங்களுக்கும் முடிவு வந்துவிடும்.

6. எல்3 செல்லில்: =எல்$2+சம்(ஏ3:ஜி3)
எம்3 செல்லில்: =எம்$2+சம்(எச்3:கே3)+2-டி3-ஜி3
நேருக்கு நேர் ஆட்டங்கள் டி, ஜி நெடுவரிசைகளில் உள்ளன. அவற்றில் டென்வர் வெல்லாதவை மினசோட்டாவின் வெற்றிகள். அதற்காகத்தான் 2இல் இருந்து கழிக்கிறோம்.

7. என்3 செல்லில்: =இஃப்(எல்3>எம்3,1,0)
ஓ3 செல்லில்: =இஃப்(எல்3=எம்3,1,0)
முதலாவது டென்வர் முந்தியதைக் காட்டும். அடுத்தது சமநிலையைக் காட்டும்.

8. இப்போது மூன்றாம் வரிசை என்பது முழுதாக முடிந்த ஒரு கற்பனை சீசன். ஏ3 முதல் ஓ3 வரை தேர்ந்தெடுத்து காப்பி செய்யுங்கள். பார்முலா பட்டைக்கு இடப்பக்கம் செல்லின் பெயர் தெரியும் சிறிய கட்டத்தில் ஏ3:ஓ1002 என்று டைப் செய்து எண்டர் தட்டி, பேஸ்ட் செய்யுங்கள். கண் இமைப்பதற்குள் ஆயிரம் சீசன்கள் ஆடி முடிந்துவிடும்!

9. என்2 செல்லில் =சம்(என்3:என்1002), ஓ2 செல்லில் =சம்(ஓ3:ஓ1002) என்று எழுதுங்கள்.

என்ன தெரிகிறது?

என்2 செல்லில் 60ஐ ஒட்டிய எண் வரும். ஆயிரத்தில் 60, அதாவது 6 சதவீதம். ஓ2 செல்லில் 90க்கு மேல் வரும். சமநிலை 9 சதவீதம். மீதி 85 சதவீதம் மினசோட்டாவுக்கே. எஃப்9 கீயைத் தட்டினால் எல்லாம் மீண்டும் குலுக்கப்படும். 60 என்பது 52 ஆகலாம், 71 ஆகலாம். இது கோளாறு அல்ல. வரிசைகளைப் பத்தாயிரமாக்கினால் இந்த ஆட்டம் குறையும்.

சமநிலை வந்தாலும் டென்வருக்குச் சாதகம் குறைவு. முதலில் பார்ப்பது நேருக்கு நேர் ஆட்டங்களை. 2017 டிசம்பரில் நடந்த இரண்டையும் மினசோட்டா வென்றிருந்தது.

டென்வர் முந்திய சீசன்களை மட்டும் ஃபில்டர் செய்து பாருங்கள். சுமார் 60 வரிசைகளில் 50க்கு மேல், டி, ஜி இரண்டு நெடுவரிசைகளிலும் 1 இருக்கும். மினசோட்டாவை இரண்டு முறையும் வென்றால்தான் டென்வருக்குக் கதவு திறக்கும் என்பதை அட்டவணையே சொல்லிவிடுகிறது.

நான் வேலை பார்க்கும் மென்பொருள் துறையில் இந்த முறைக்கு மாண்டி கார்லோ என்று பெயர். சூதாட்ட விடுதிக்குப் பேர் போன மொனாக்கோவின் பகுதி அது. 1940களில் அமெரிக்காவில் அணு ஆராய்ச்சிக் கணக்குகளுக்காக ஸ்டானிஸ்லா உலாம், ஜான் வான் நாய்மன் ஆகியோர் உருவாக்கிய வழி இது. அன்று அறையை நிறைத்த கம்ப்யூட்டர் செய்த வேலையை இன்று உங்கள் மேஜையில் இருப்பது செய்கிறது.

நடந்தது என்ன?

ஓர் ஆட்டம் முடிந்தால், இரண்டாம் வரிசையில் அதன் வாய்ப்பை அழித்துவிட்டு, வெற்றி என்றால் 1, தோல்வி என்றால் 0 போடுங்கள். மற்றதை பார்முலா பார்த்துக் கொள்ளும்.

மார்ச் 30 அன்று டென்வர் ஓக்லஹோமா சிட்டியைக் கூடுதல் நேரத்தில் 126-125 என்று வென்றது. ஏப்ரல் 1 அன்று மில்வாக்கியையும் கூடுதல் நேரத்தில் வென்றது. 3ஆம் தேதி இண்டியானா. 5ஆம் தேதி மினசோட்டாவையே 100-96 என்று சாய்த்தது. மினசோட்டா டல்லஸை வென்று யூட்டாவிடம் தோற்றிருந்தது. இரு அணிகளும் 44 வெற்றி, 35 தோல்வி என்று சமம். இவற்றை உள்ளிட்டால் டென்வர் முந்தும் வாய்ப்பு 23 சதவீதம் ஆகும்.

அடுத்து கிளிப்பர்ஸ், போர்ட்லேண்ட் அணிகளையும் டென்வர் வென்றது. தொடர்ந்து ஆறு வெற்றிகள்! நம் அட்டவணைப்படி முதல் ஆறையும் வெல்ல 3 சதவீத வாய்ப்புதான் இருந்தது. ஆனால் மினசோட்டாவும் லேக்கர்ஸ், மெம்பிஸ் அணிகளை வென்றுவிட்டது. இருவரும் 46-35. மேஜிக் நம்பர் 5இல் இருந்து 2 ஆகியிருந்தது. பாக்கி ஒரே ஆட்டம், அதுவும் மினசோட்டா மண்ணில். வென்றவர் பிளே ஆஃப், தோற்றவர் வீட்டுக்கு. சீசனின் கடைசி நாளில் இப்படி ஓர் ஆட்டம் அமைந்தது 1997க்குப் பிறகு அப்போதுதான். ஆறு ஆட்டங்களை வரிசையாக வென்ற பின்னும் நம் ஒர்க்ஷீட் டென்வருக்குக் கொடுப்பது 30 சதவீதம்தான்.

ஏப்ரல் 11 இரவு அந்த ஆட்டமும் கூடுதல் நேரத்துக்குப் போனது. டென்வரின் நிகோலா யோகிச் 35 புள்ளிகள் எடுத்தார். மினசோட்டாவின் ஜிம்மி பட்லர் 31 எடுத்தார். முடிவு 112-106, மினசோட்டா வென்றது. 46 வெற்றிகளுடன் டென்வர் வெளியேறியது. அதே ஆண்டு கிழக்கில் வாஷிங்டன் 43 வெற்றிகளுடன் எட்டாம் இடம் பிடித்து உள்ளே போனது.

ஒர்க்ஷீட்டுக்குத் தெரியாதவை

நம் கணக்கு இரண்டு அணிகளை மட்டுமே ஒப்பிடுகிறது. செய்தித் தளங்கள் பிரிவின் எல்லா அணிகளையும் சேர்த்துக் குலுக்குகின்றன. முறை ஒன்றுதான், நெடுவரிசைகள் அதிகம், அவ்வளவே.

பட்லர் பிப்ரவரி 23 அன்று முழங்காலில் காயம்பட்டு, ஏப்ரல் 6 லேக்கர்ஸ் ஆட்டத்தில்தான் திரும்பினார் என்பதும் 0.74 என்ற எண்ணுக்குத் தெரியாது. நீங்கள் உள்ளிடும் எண்ணில் இல்லாத எதையும் கம்ப்யூட்டர் கண்டுபிடித்துத் தராது. தெரிந்தால் அந்த எண்ணை நீங்கள்தான் மாற்றிப் பார்க்க வேண்டும்.

விதி மாறினாலும் கணக்கு மாறும். 2020-21 சீசன் முதல் 7 முதல் 10 வரை இடம் பிடிக்கும் அணிகளுக்கு பிளே இன் என்ற கூடுதல் வாய்ப்பு உண்டு. இந்த விதி 2018இல் இருந்திருந்தால், ஒன்பதாம் இடம் பெற்ற டென்வர் பத்தாம் இடத்தில் இருந்த கிளிப்பர்ஸைத் தன் ஊரிலேயே சந்தித்திருக்கும். அந்த டென்வர் அணி 2023இல் யோகிச்சுடன் தன் முதல் சாம்பியன் பட்டத்தை வென்றது தனிக் கதை.

கடைசியாக ஒன்று. 6 சதவீதம் என்றால் நடக்காது என்று பொருளில்லை. ஆயிரம் வரிசைகளில் 60 வரிசைகள் அப்படியும் முடிகின்றன என்றுதான் பொருள். 85 சதவீதம் என்பதும் உறுதிமொழி இல்லை. கடைசி நாளின் கூடுதல் நேரம் வரை அந்த 85 காத்திருக்க வேண்டியிருந்ததே! டி.வி.யிலோ செய்தியிலோ அடுத்த முறை இப்படி ஒரு சதவீதம் வந்தால், அதன் பின்னால் என்ன எண்களை உள்ளிட்டிருப்பார்கள் என்று கேளுங்கள். பிறகு உங்களுக்குப் பிடித்த லீக்கின் மீதமுள்ள ஆட்டங்களை எடுத்து, நீங்களே ஓர் ஒர்க்ஷீட் போட்டுப் பாருங்கள்.